சந்தையில் மிஞ்சின சைசு

சித்த நவுந்து உக்காருங்க அம்முணி. எடம் பத்தாம இல்லைங்க, பத்துது. இன்னைக்கு என்ற மேல ஆரும் படக் கூடாதுன்னு இருக்குது, அதுக்குத்தான் சொன்னேன். தப்பா நெனச்சுக்காதீங்க. காலைல ஒருத்தி என்னையத் தொட்டுட்டாளுங்க. அந்தக் கை இன்னும் மேலயே ஊர்ற மாதிரி இருக்குது. சீய், கருமம். ஊட்டுக்குப் போயி நல்லா சுடுதண்ணி ஊத்தித் தேச்சாத்தான் போகும்.

நீங்க எங்கீங்க, திருப்பூருங்களா? அவினாசியா. செரி செரி. நான் திருப்பூருங்க. வசந்தாமணின்னு பேரு. இந்தக் கோயமுத்தூருக்கெல்லாம் ஒறம்பரை கலியாணத்துக்கு வந்தாத்தான் உண்டு. இன்னைக்கு வந்த சோலி இருக்குதே, வெளிய சொல்ல முடியாத சோலிங்க. நீங்க பொம்பள, அதனால சொல்றேன். அந்த முன்சீட்டு ஆளு காதை இங்கயே வெச்சிருக்கறான், பாருங்க. மெதுவாச் சொல்றேன்.

பாடி விசயமுங்க. பிராங்கறாங்கல்ல இப்ப, அதுதான். அந்தப் பேர வாயில சொன்னாவே எனக்கு நாக்கு கூசுமுங்க.

சிரிக்காதீங்க, எங்க ஊட்டுக்காரருக்கு யாவாரமே அதுதான். கம்பெனிக்காரங்க வெளிநாட்டுக்குத் தைக்கறாங்கல்ல, அதுல தையல் கோணுனது, சாயம் எறங்குனது, ஆர்டருக்கு மேல மிஞ்சினதுன்னு கழிச்சு உடுவாங்க. செகண்ட்ஸுங்க. அதை மூட்டையா எடுத்துச் சந்தை சந்தையாக் கொண்டு போயி விப்பாரு. கீழ சாக்கை விரிச்சுக் கொட்டிக்கிட்டு, ஒண்ணைத் தூக்கி ரெண்டு கையிலயும் இழுத்துக் காட்டி, "எடுங்கம்மா எடுங்க, வெள்ளைக்காரி போடற சரக்கு"ம்பாரு. பொம்பளைங்க மொய்க்கும். இவரு கூச்சமே படமாட்டாரு. யாவாரத்துல என்னங்க கூச்சம்? அதுல ஒரு அசிங்கமுமில்ல. வர்ற பொம்பளைய மேலயும் கீழயும் ஒரு பார்வை பாப்பாரு, அவ்வளவுதான். இன்ன சைசுன்னு எடுத்து வீசுவாரு. டேப்பாவது மண்ணாவது. கண்ணே அளந்துரும். அந்தத் தெறமை இந்தச் சுத்துவட்டாரத்துலயே ஆருக்கும் கெடையாதுங்க.

அப்பேர்ப்பட்ட ஊட்டுல இருந்துக்கிட்டு கடைல போயி பாடி வாங்குவாங்களா, நீங்களே சொல்லுங்க. சந்தைல வித்தது போக மிஞ்சினதுதான் எங்களுக்கு. மிஞ்சினதுன்னா ஆருக்கும் ஆகாத சைசுதான மிஞ்சும்? பெருசா இருந்தா பக்கத்துல ஒரு தையலப் போட்டுக்குவேன். தைக்க நேரமில்லாட்டி ஒரு ஊக்கு. சின்னதா இருந்தா கொக்கிகிட்ட ஒரு ஒட்டுத் துணி வெச்சுக்கறது. கலியாணம் ஆன நாள்ல இருந்து அப்புடித்தான் ஓடுது. என்ன, சாங்காலம் கழட்டுனா ரெண்டு தோளும் எரியும். அடியில வேர்த்து வேர்த்து அரிக்கும், பவுடரக் கொட்டிக்குவேன். பொம்பளையாப் பொறந்தா அதெல்லாம் இருக்கறதுதானுங்க. தலை நரைக்கற மாதிரி, முட்டி வலிக்கற மாதிரி. ஏன், நீங்களும்தான் பஸ் ஏறுனதுல இருந்து தோளை இழுத்து இழுத்து உட்டுக்கறீங்க, நான் பாத்துக்கிட்டுத்தான் வர்றேன். எல்லாருக்கும் இருக்கறதுதான்.

தொவச்சா வெய்யில்ல போட மாட்டனுங்க. சீய், நாலு பேரு போற வர்ற எடத்துல! ரூமுக்குள்ள கதவுக்குப் பின்னால ஒரு ஆணி இருக்குது. அதுல மாட்டி, மேல பாவாடையப் போட்டு மூடிருவேன். காயாதுதான். மழைக் காலத்துல ஈரத்தோடவே போட்டுக்கறதுதான். மானம் பெருசா, ஈரம் பெருசா?

இப்புடி இருந்த ஊட்டுல வந்து பூந்தா பாருங்க ஒருத்தி. ஜெசிந்தா மிஸ்ஸு. என்ற புள்ள படிக்கற பள்ளிக்கூடத்துல வெளையாட்டு டீச்சரு.

எனக்கு ஒரே புள்ளைங்க, மௌனிகான்னு. ஒம்பதாவது படிக்கறா. நல்லா ஓடுவாளாமா. வழியில குறுக்க குறுக்க கட்டைய வெச்சிருப்பாங்களாம், அதத் தாண்டித் தாண்டி ஓடறது. நான் ஒரு நாளும் போயிப் பாத்ததில்லைங்க. வயசுக்கு வந்த புள்ள குலுங்கிக்கிட்டு ஓடறத நாலு பேரு நின்னு பாக்கறதும், பெத்தவ போயி அதுக்குக் கை தட்டறதும்... எனக்குக் கொமட்டும். அவிய அப்பாதான், ஓடட்டும் உடு, காலேஜில எடம் குடுப்பாங்கன்னு சொல்லிட்டாரு.

நடுவுல கொஞ்ச நாள் அவளே அடங்கி இருந்தாளுங்க. கையக் குறுக்க கட்டிக்கிட்டு, தோளக் குனிச்சுக்கிட்டு, நெலத்தப் பாத்து நடந்தா. அப்பாடா, பொம்பளப் புள்ளைக்கு வர வேண்டிய அடக்கம் வந்துருச்சுன்னு நான் கூட மாரியாத்தாளுக்கு வெளக்குப் போட்டேன். அப்பறமாத்தான் தெரியுது, அது அடக்கமில்லையாம். ஓடறப்ப பசங்க என்னமோ சொல்லிச் சிரிச்சிருக்கறானுக. இவளும் ரெண்டு பாடிய ஒண்ணு மேல ஒண்ணாப் போட்டு, மேல ஊக்கக் குத்திக்கிட்டு ஓடியிருக்கறா. எல்லாம் நான் குடுத்த பாடிங்கதான். நல்ல சரக்குங்க, சும்மா சொல்லக் கூடாது.

அந்த ஊக்கு கட்டையத் தாண்டுறப்பத் தெறந்துக்கிச்சு. தெறந்து, குத்திக் கிழிச்சுப் போட்டுது. சட்டையெல்லாம் ரத்தம். உடனே அந்த மிஸ்ஸு என்ன பண்ணோணும்? எனக்கொரு போனு போட்டுச் சொல்லோணுமா, வேண்டாமா? பெத்தவ நானு குத்துக்கல்லாட்ட இருக்கறேன். இவ புள்ளைய வெளையாட்டுச் சாமானு ரூமுக்குள்ள கூட்டிப் போயிருக்கறா. கதவச் சாத்தியிருக்கறா. மருந்து போட்டிருக்கறா, செரி. போட்டுட்டு உடோணுமல்ல? டேப்பு எடுத்து அளந்திருக்கறாளுங்க! என்ற புள்ளைய! அடியில ஒருக்கா, மேல ஒருக்கா. அப்பறம் வெசாரிச்சா, அடுத்த நாளு இவளே கோயமுத்தூரு போயி அந்த அளவுக்கு ஒரு பாடிய வாங்கியாந்து புள்ள கையில குடுத்துட்டா. ஓடறவங்க போடற பாடியாமா.

எனக்கு வந்துச்சு பாருங்க ஒரு கோவம். நேராப் பள்ளிக்கூடத்துக்குப் போனேன். "ஏனுங் மிஸ்ஸு, என்ற புள்ளைய அளக்கறதுக்கு நீங்க ஆருங்க?"ன்னு கேட்டேன். அவ என்னமோ நெம்ப அமைதியா, "அம்மா, ஊக்கு இன்னும் கொஞ்சம் ஆழமாக் குத்தியிருந்தா என்ன ஆகியிருக்கும்னு யோசிச்சீங்களா?"ங்கறா.

"நானும்தான் ஊக்குக் குத்தியிருக்கறேன். எனக்கு ஒண்ணும் ஆகலையே?"ன்னேன்.

"நீங்க ஓட வேண்டியதில்லையேம்மா. அவ ஓடணும்" அப்புடின்னுட்டு, விசிலை ஊதிக்கிட்டுப் போயிட்டா. என்ன திமிரு பாருங்க. ஊடு வந்து சேர்ற வரைக்கும் பல்லக் கடிச்சுக்கிட்டே வந்தேன்.

அதையாவது பொறுத்துக்கிட்டேன். புள்ள ஒரு வேலை பண்ணுனாளுங்க. அந்தப் பாடியத் தொவச்சு மொட்டை மாடியில, நட்ட நடுக் கொடியில, ரெண்டு கிளிப்பு போட்டுக் காயப் போட்டிருக்கறா. எதுத்த ஊட்டு ஜன்னலுக்கு நேரா! காத்துல அது பாட்டுக்கு ஆடுது, கட்சிக் கொடியாட்ட. "மிஸ்ஸு வெய்யில்லதான் காயப் போடச் சொன்னாங்கம்மா, இல்லாட்டி புண்ணு வருமாம்"ங்கறா. எனக்கு ஒடம்பெல்லாம் கூசிப் போச்சு. அந்தத் துணியத் தொடவே அருவருப்பா இருந்துச்சு, ரெண்டு வெரல்ல புடிச்சு உருவுனேன். அது வந்த கவரு இருந்துச்சு, கடைப் பேரு போட்டு. அதுக்குள்ள போட்டு என்ற பையில ஒளிச்சு வெச்சுட்டேன். கடைக்காரங்க மூஞ்சியிலயே வீசிட்டு வந்தர்றதுன்னு முடிவு பண்ணிட்டனுங்க.

இன்னைக்குத்தான் அவளுக்குப் பந்தயம். பெரிய பந்தயமாமா, இதுல செயிச்சாத்தான் அடுத்ததுக்குப் போக முடியுமாம். உங்க அவினாசிக்கு இந்தப் பக்கம் காலேஜுக்கு ரோடு பிரியற எடம், காலேஜ் பிரிவு இருக்குதல்லங்க, அந்தக் காலேஜ் கிரவுண்டுல. காலைல எந்திரிச்சு ஊடு பூராத் தேடுறா. பீரோவக் கலைக்கறா, ஊட்டுக்குப் பின்னால பொடக்காளிக்கு ஓடுறா. "அம்மா, அது எங்கம்மா?"ன்னா. "எனக்கென்ன தெரியும்? பழசு இருக்குதல்ல, அதப் போட்டுக்கிட்டுப் போ"ன்னேன். அவ அழுகலைங்க. அழுதிருந்தா ரெண்டு அடி போட்டிருப்பேன். என்ற பையவே பாத்தா, அப்பறம் என்னையப் பாத்தா. "நான் ஓடலம்மா. போயி மிஸ்ஸுகிட்டச் சொல்லிட்டு, ஓரமா உக்காந்துட்டு வந்தர்றேன்"னுட்டு, சோறு திங்காமப் போயிட்டா. செரி, சனியன் உட்டுதுன்னு நானும் பஸ் ஏறிட்டேன்.

கடையாங்க அது? உள்ள போனா எங்க பாத்தாலும் பொம்மைங்க. தலையில்லாத பொம்மைக்கு அதை மாட்டி, லைட்டுப் போட்டு வெச்சிருக்கறாங்க. நான் தலையத் தொங்கப் போட்டுக்கிட்டே போனேன். கவர எடுத்து மேசை மேல வீசி, "இதத் திருப்பி எடுத்துக்குங்க"ன்னேன். "போட்ட இன்னரை எடுக்க மாட்டோம் ஆன்ட்டி"ங்கறா ஒரு புள்ள. ஆன்ட்டியாமா. வாயில பபுள்கம்மு மெல்லுது. "அளவு பத்தலைன்னா சொல்லுங்க, வேற தர்றோம்"ன்னா. அளவெடுத்ததே தப்புங்கறேன் நானு, அவ அளவு பத்தலையான்னு கேக்கறா! எனக்குச் சுர்ருன்னு ஏறிப் போச்சு. "அளவெடுக்கற பொழப்பெல்லாம் ஒரு பொழப்பா? எங்க ஊட்டுக்காரரு கண்ணால பாத்தே சொல்லிருவாரு. எனக்கு முப்பத்தெட்டு. வேணும்னா அளந்து பாத்துக்க, நூலு மாறாது!"ன்னுட்டேன்.

ஆத்தரத்துல சொன்ன பேச்சுங்க அது. அந்தப் புள்ள, "வாங்க ஆன்ட்டி, பாத்துரலாம்"னு கூட்டிப் போயிட்டா. பின்வாங்குனா எங்க ஊட்டுக்காரரு பேரு என்ன ஆகறது?

சின்ன ரூமு. மூணு பக்கமும் கண்ணாடி. சீலை முந்தானைய எடுங்கங்கறா, ரவிக்கையக் கழட்டுங்கங்கறா. எம்பட ஊட்டுக்காரரு முன்னாடியே நான் லைட்டப் போட்டுக்கிட்டு இப்புடி நின்னதில்லைங்க. கண்ண இறுக்கி மூடிக்கிட்டேன். அவ கை பச்சத் தண்ணியாட்ட சில்லுனு இருக்குது. டேப்ப அடியில சுத்தறா, மூச்ச இழுத்து உடுங்கங்கறா, மேல சுத்தறா. அந்தக் கைதான் இன்னும் ஊருது.

"ஆன்ட்டி, இந்தப் புண்ணு எத்தன நாளா இருக்குது?"ன்னா. புண்ணா, எந்தப் புண்ணுன்னு கண்ணத் தெறந்துட்டேன்.

தெறந்திருக்கக் கூடாதுங்க. மூணு கண்ணாடியிலயும் நாந்தான். ரெண்டு தோள்லயும் பட்டை அழுத்தி அழுத்தி, வெரலு வெச்சாப் பதியற அளவுக்குப் பள்ளம், கருகருன்னு. அடியில தோலு உரிஞ்சு, செவந்து, வெள்ள வெள்ளையாப் படை மாதிரி. தொங்கிப் போயி... சீய். இத்தன வருசமா இதையா சீலைக்குள்ள வெச்சுக்கிட்டுத் திரிஞ்சேன்? அந்தப் புள்ள மூஞ்சிய வேற பக்கம் திருப்பி ஒரு மூச்சு உட்டுக்கிட்டா. பாத்தனுங்க நானு. என்ற மேல ஒரு ஈரத் துணி நாத்தம் வருதுங்கறதே எனக்கு அப்பத்தான் தெரிஞ்சுது. ஊட்டுல ஆரும் சொன்னதில்லையே.

"அது புண்ணில்ல. எல்லாப் பொம்பளைக்கும் இருக்கறதுதான்"னேன். அவ பபுள்கம்ம மெல்லறத நிறுத்திட்டா. அது எனக்கு இன்னும் கேவலமா இருந்துச்சு.

அளவு என்ன வந்துச்சுன்னு கேளுங்க. சுத்தளவு முப்பத்தி நாலாமா. முப்பத்தெட்டு இல்லையாமா. கப்பு மட்டும் பெருசு வேணுமாமா. "இல்ல, நல்லாப் பாரு"ன்னேன். மறுக்கா அளந்தா, அதேதான். சந்தைல அத்தன பேருக்குக் கண்ணாலயே அளக்கறவரு எனக்குத் தப்பாச் சொல்லுவாரான்னு யோசிச்சு யோசிச்சுப் பாத்தேன். என்னைய அவரு அப்புடி உத்துப் பாத்திருக்க மாட்டாருங்க. ஊட்டுல இருக்கறவள ஆரு உத்துப் பாக்கறா? மிஞ்சினத எடுத்துக் குடுத்திருப்பாரு. அவரச் சொல்லியும் குத்தமில்ல.

அப்பறம் அவ ஒண்ணக் கொண்டாந்து போட்டு உட்டா. கொக்கிய மாட்டி, உள்ள கைய உட்டு, இக்கட்டால ஒண்ணு அக்கட்டால ஒண்ணுன்னு எடுத்து வெக்கறாளுங்க, முட்டைய அட்டையில அடுக்கற மாதிரி! எனக்கு உசுரே போயிருச்சு. பாரத்த அடிப்பட்டைதான் தாங்கோணுமாம், தோளு தாங்கக் கூடாதாம். கையத் தூக்குங்கன்னா, தூக்குனேன். குனிங்கன்னா, குனிஞ்சேன். "இப்ப குதிங்க ஆன்ட்டி"ங்கறா.

குதிக்கறதா? இந்த வயசுலயா? சின்னதுல நொண்டி ஆடினப்பக் குதிச்சதுதான். பெரியவளானதுக்கப்பறம் எங்கம்மா குதிக்க உடல. "கண்ணாடியில எல்லாந் தெரியுதே"ன்னேன். "நான் திரும்பிக்கறேன், குதிங்க"ன்னா. குதிச்சனுங்க. ஒண்ணுமே ஆகல. அதது அந்தந்த எடத்துல இருந்துச்சு. என்ன மாயமோ கருமமோ. அவ திரும்பறதுக்குள்ள இன்னொருக்காவும் குதிச்சுப் பாத்துக்கிட்டேன், நெசந்தானான்னு.

காசக் குடுத்துட்டு அதையே போட்டுக்கிட்டு வந்துட்டேன், பழச மறுக்கா மேல போட மனசு வரல. "இதக் குப்பையில போட்டர்லாமா ஆன்ட்டி?"ன்னு ரெண்டு வெரல்ல தூக்கிப் புடிக்கறா. எனக்கு ரோசம் வந்துருச்சு. குடு இங்கன்னு புடுங்கிப் பையில வெச்சுக்கிட்டேன். ஊக்கு நல்லாத்தான இருக்குது.

இப்ப பாருங்க என்ற நெலமைய. தோள்ல ஒண்ணும் அழுத்தல. அடியில அரிக்கல. ஒண்ணுமே போடாம நாலு பேரு நடுவுல பஸ்ஸில உக்காந்திருக்கற மாதிரி இருக்குது. ஒரு பொம்பளைக்கு இது மானமா, நீங்களே சொல்லுங்க. அப்பத்துல இருந்து முந்தானைய இழுத்து இழுத்து மூடிக்கிட்டே வர்றேன். நிமுந்து வேற உக்காரச் சொல்லுதுங்க இது. குனிஞ்சு உக்காந்தா ஒத்துக்க மாட்டேங்குது.

என்ற புள்ள மௌனிகாவும் இப்புடித்தான் நிமுந்திருப்பா போல, ரெண்டு மூணு நாளு. நெஞ்ச நிமித்திக்கிட்டு மாடிப்படியில குடுகுடுன்னு எறங்குனா. நான்தான் கொழுப்பப் பாருன்னு திட்டினேன்.

அவளோடது இந்தக் கவருக்குள்ளதான் இருக்குது. எடுக்க மாட்டேனுட்டாங்களே. வெச்சு நான் என்ன பண்றது? எனக்கு ஆகாது. சந்தைல வெச்சா இவரு வித்துருவாருதான். ஆனா இது அவளுக்குன்னு அளந்ததாச்சே, வேற ஆருக்குங்க ஆகும்?

என்னங்க, கண்டக்டரு என்ன சத்தம் போடறாரு? காலேஜ் பிரிவா? அதுக்குள்ளயா?

மணி என்னங்க அம்முணி? பாத்துச் சொல்லுங்க. பந்தயம் மத்தியானத்துக்கு மேலன்னுதான் சொன்னா, இன்னும் முடிஞ்சிருக்காதல்ல? இல்ல இல்ல, பாக்கறதுக்கில்லைங்க, அந்தக் கண்றாவிய ஆரு பாப்பா. கவர அவ கையில குடுத்துட்டு அடுத்த பஸ்ஸப் புடிச்சுக்கறேன். போட்டா போடறா, உட்டா உடறா. சோறும் திங்காம வந்திருக்கறா, அது ஒரு பக்கம் வெசனம்.

கண்டக்டரே, நிறுத்துங்க, எறங்கோணும்! ஏனுங், காதுல உழுகுதா? ஆமாங்க, டிக்கெட்டு திருப்பூருக்குத்தான், உங்களுக்கென்ன, நான் இங்க எறங்கறேன்!

இந்தப் பையச் சித்த எடுத்துக் குடுங்க அம்முணி. பிரிவுல இருந்து கிரவுண்டு எவ்வளவு தூரமுங்க? உங்க ஊருதான, தெரியுமல்ல? அவ்வளவு தூரமா? ஆட்டோ நிக்காதா? நடந்து போனா முடிஞ்சு போயிருக்குமுங்களா?

அப்ப ஓடித்தான் போகோணும். ஓடிருவனுங்க. இன்னைக்குத்தான் எங்கயும் குத்தலையே, கருமம்.